துருத்தி சாமியும் ஒரு மணிச் சங்கும்

அந்த வருஷம் திருவொற்றியூரில் பகல் ஒரு மணி ஆவதற்கே அனுமதி வாங்க வேண்டியிருந்தது. அனுமதி கொடுக்கிறவர் துருத்தி சாமி.

முழுப்பெயர் ஸ்ரீலஸ்ரீ காலதுருத்தியானந்த சுவாமிகள். அதைச் சொல்லி முடிப்பதற்குள் கயிற்று ஆலைத் தொழிலாளிக்குச் சாப்பாட்டு நேரத்தில் பாதி போய்விடும் என்பதால் ஜனங்கள் சுருக்கிக்கொண்டார்கள். காலத்தையே சுருக்குகிறவருடைய பெயரைச் சுருக்கினால் கோபித்துக்கொள்வாரா என்ன?

சாமியைவிடச் சாமியின் வாத்தியத்துக்குத்தான் மவுசு. பெட்டி மாதிரி இருக்கும், பெட்டி இல்லை. நடுவில் மடிப்பு மடிப்பாகத் தோல். ஒரு பக்கம் வெள்ளைப் பல் வரிசை, மறுபக்கம் பொத்தான் பொத்தானாகக் கொப்புளங்கள். கொல்லன் பட்டறைத் துருத்தி ஓர் ஆர்மோனியத்தைக் கட்டிக்கொண்டு பெற்ற பிள்ளை மாதிரி ஒரு ஜாடை. நெற்றியில் குங்குமம், கழுத்தில் உருத்திராட்சம், இடுப்பில் பட்டுத்துணி. வாத்தியத்துக்குத்தான், சாமி வெறும் காவிதான்.

இதன் பெயர் காலத்துருத்தி. இழுத்தால் காலம் நீளும். அமுக்கினால் காலம் சுருங்கும். பார்த்த மாத்திரத்தில் புரிகிற தத்துவம். இத்தனை நாள் விஞ்ஞானிகளுக்கு ஏன் புரியவில்லை என்றால், பாவம், அவர்களிடம் துருத்தி இல்லை. இமயமலைக் குகையில் முந்நூறு வயது முனிவர் ஒருவர் சாமிக்கு இதைக் கொடுத்தாராம். வாசித்து வாசித்து, பார்ப்பதற்கு நாற்பது வயதுதான் மதிக்கலாமாம். பார்த்தவர் சாமி ஒருவர்தான்.

வெறும் கதையாக இருந்திருந்தால் வடக்கு மெட்ராஸ்காரன் நம்பியிருக்க மாட்டான். சாமி தினமும் நிரூபித்துக் காட்டினார். அங்கேதான் ஊரே விழுந்தது.

கயிற்று ஆலையின் பின்சுவரை ஒட்டி ஒரு பொட்டல். பன்னிரண்டரைச் சங்குக்குத் தொழிலாளிகள் சாப்பிட வெளியே வருவார்கள். ஒரு மணிச் சங்குக்கு உள்ளே போக வேண்டும். ஒரு மணிக்குக் கொஞ்சம் முன்னால் சாமி பொட்டலில் உட்கார்ந்து துருத்தியை இழுக்க ஆரம்பிப்பார். ஒரு மணி வரும். சங்கு ஊதாது. சாமி வாசித்துக்கொண்டே இருப்பார். சங்கு வாயைப் பொத்திக்கொண்டே இருக்கும். ஐந்து நிமிஷம் கழித்து வாத்தியத்தை அமுக்கி வைத்துவிட்டு, வலது கையைத் தூக்கி, "காலமே, போ" என்பார். அந்த நொடியே சங்கு அலறும். கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொள்ளும்.

இதில் இன்னொரு விஷயம் இருக்கிறது. அந்த ஆலையில் கைக்கடிகாரம் கட்டியவர்கள் இரண்டே பேர்: மானேஜர், டைம்கீப்பர். மற்றவர்களுக்குச் சங்குதான் மணி. பிள்ளை பிறந்தால் 'எட்டு மணிச் சங்குக்கு முன்னாடி'. உயிர் போனால் 'அந்திச் சங்குக்கு அப்பால'. ஒரு மணி ஆவதால் சங்கு ஊதுகிறதா, சங்கு ஊதுவதால் ஒரு மணி ஆகிறதா என்று கேட்டால், அந்தப் பேட்டையில் பத்துக்கு எட்டுப் பேர் இரண்டாவதைத்தான் சொல்வார்கள். சொன்னார்கள்.

ஐந்து நிமிஷம் என்றால் இளப்பமில்லை. ஒரு பீடி முழுதாகப் பிடிக்கலாம். கால் நீட்டிப் படுக்கலாம். மேஸ்திரியை ஆற அமரத் திட்டலாம். இத்தனையும் இனாமாகக் கொடுக்கிற சாமிக்கு ஒரு தேங்காய், ஒரு படி அரிசி வைக்க மாட்டார்களா? வைத்தார்கள். ஆலைக்குச் சம்பந்தமில்லாதவர்களும் வந்தார்கள். மாமியார் வந்து தங்கியிருந்த ஒரு மருமகள், நாட்களைச் சுருக்கச் சொல்லிக் கும்பிட்டாள். மறுநாள் அதே மாமியார் வந்து நீட்டச் சொல்லிக் கும்பிட்டாள். இருவருக்கும் விபூதி கிடைத்தது.

சிலுவையம்மாள் மட்டும் கும்பிடவில்லை. அவளுக்கு நேரமில்லை.

அவள் சாப்பாட்டுக் கூடைக்காரி. இருபத்திரண்டு வீட்டில் தூக்கு வாங்கிக் கூடையில் அடுக்கி, தலையில் வைத்து, வெயிலில் நடந்து, பன்னிரண்டரைச் சங்குக்குள் ஆலை வாசலில் இறக்கியாக வேண்டும். எழுத்துத் தெரியாது, ஆனால் எந்தத் தூக்கு எந்த வீட்டுடையது என்பதில் பதினோரு வருஷத்தில் ஒரு தடவை தவறியதில்லை. ஒவ்வொரு தூக்கிலும் ஒவ்வொரு பெயிண்ட் அடையாளம் இருக்கும். சிவப்புக் கோடு, நீலப் புள்ளி, வெள்ளைக் கட்டம். இருட்டில் தடவிப் பார்த்தே சொல்லுவாள்.

அவள் புருஷன் செல்வநாதன் அதே ஆலையில் கயிறு முறுக்குகிறவன். தினக்கூலி. இன்று பெயர் கூப்பிடுவார்கள். நாளைக்குக் கூப்பிடுவார்களா என்பது நாளைக்குத் தெரியும். அப்படிப்பட்டவனுக்குத்தான் ஒரு கதவு திறந்தது. வருகிற திங்கட்கிழமை ஹார்பரில் நிரந்தர வேலைக்கு ஆள் எடுக்கிறார்கள். காலை எட்டு மணிக்குள் ராயபுரம் பக்கத்து கேட்டுக்குள் நிற்கிறவர்களில் இருந்து பொறுக்குவார்கள். எட்டு அடித்தால் கேட்டை இழுத்து மூடிவிடுவார்கள். எடுபட்டால் சட்டையில் குத்திக்கொள்ளப் பித்தளை வில்லை, மாசச் சம்பளம், காயம் பட்டால் ஆஸ்பத்திரி. மூன்று வருஷமாகச் சிலுவையம்மாள் மாதாகோயிலில் மெழுகுவத்தி ஏற்றி வேண்டிக்கொண்டது இதைத்தான். இதை விட்டால் அடுத்து எப்போது எடுப்பார்கள் என்று யாருக்கும் தெரியாது.

புதன்கிழமை சாயங்காலம் செல்வநாதன் வாயெல்லாம் பல்லாக வீட்டுக்கு வந்தான். ஹார்பருக்குப் போகிற நாற்பது பேருக்கும் சாமி வாக்குக் கொடுத்துவிட்டாராம். திங்கட்கிழமை ஏழரை மணிக்கு நாற்பது பேரும் பொட்டலில் உட்கார வேண்டும். சாமி துருத்தி வாசிப்பார். பிரசாதம் வாங்கிக்கொண்டு எல்லாரும் பொடிநடையாக ராயபுரம் போகலாம். கடைசி ஆள் கேட்டுக்குள் கால் வைக்கிற வரைக்கும் உலகத்தில் எட்டு மணி ஆகாது.

சிலுவையம்மாள் கையில் இருந்த முறத்தைக் கீழே வைத்தாள். இங்கேயிருந்து ராயபுரத்துக்கு நடந்தால் ஒன்றரை மணி நேரம் ஆகும் என்பது அவள் காலுக்குத் தெரியும்.

"ஏன்யா, காலீல ஆறு மணிக்கே போய் நின்னா இன்னா?"

"ஆறு மணிக்குப் போறவன் சாமிய நம்பாதவன். அவனுக்கு வில்ல கெடைக்காதுன்னு சாமியே சொல்லிக்கீறாரு."

"கேட்ட மூடுறது சாமியா?"

"கேட்ட மூடுறது எட்டு மணி. எட்டு மணிய மூடி வெச்சிக்கீறது சாமி," என்றான் செல்வநாதன், சின்னப்பிள்ளைக்குச் சொல்வது போல.

காவிச்சாமியிடம் போகிறாயே, ஞாயிற்றுக்கிழமை மாதாவுக்கு என்ன பதில் சொல்லுவாய் என்று கேட்டுப் பார்த்தாள். காலம் எல்லா மதத்துக்கும் பொது என்று சாமி சொல்லிவிட்டாராம். காணிக்கைத் தட்டும் அப்படித்தான் என்பதைச் சாமி சொல்லவில்லை, வைத்துக்காட்டினார்.

வியாழக்கிழமை ஒரு மணிச் சங்கு ஊதிக் கூட்டம் கலைந்ததும் சிலுவையம்மாள் நேராகச் சாமியிடமே போனாள். சண்டைக்கு இல்லை. என் புருஷனை மட்டும் ஆறு மணிக்குப் போகச் சொல்லு சாமி என்று காலில் விழலாம் என்றுதான் போனாள். கீற்றுக் கொட்டகையில் சாமி இல்லை. கை கழுவப் போயிருந்தார். காற்றுதான் தன் ஆகாரம் என்று ஊரெல்லாம் சொல்லிவைத்திருக்கிற சாமிக்குக் கையைக் கழுவ என்ன வேலை என்று அவள் யோசித்தாள். அப்போதுதான் மான்தோலுக்குப் பின்னால் அதைப் பார்த்தாள்.

ஓர் எவர்சில்வர் தூக்கு. மூடி பக்கத்தில். மூடியில் சங்கரா மீன் முள் ஒழுங்காக அடுக்கி வைத்திருந்தது. தூக்கின் வயிற்றில் பச்சை வட்டம், நடுவில் ஒரு புள்ளி.

பச்சை வட்டம், நடுவில் புள்ளி. அது பாய்லர்காரர் முப்பிடாதி வீட்டு அடையாளம்.

முப்பிடாதி தெற்கத்தி ஆள். ஆலையில் பாய்லருக்கு நெருப்புப் போடுகிறவர். அவர் வீட்டில் முன்பெல்லாம் ஒரு தூக்குத்தான் கொடுப்பார்கள். ஆடி மாதத்திலிருந்து இரண்டு. இரண்டையும் பாய்லர் கொட்டகைப் பின் ஜன்னலில் வைத்துவிட்டுப் போகச் சொல்லுவார். அனலில் நிற்கிறவனுக்கு இரண்டு பேர் பசி என்று விளக்கம் வேறு. சாமி பொட்டலுக்கு வந்ததும் ஆடி மாதம்தான்.

முப்பிடாதிக்கு இன்னொரு வேலையும் உண்டு. பாய்லர் பக்கத்தில் ஒரு சங்கிலி தொங்கும். அதை இழுத்தால்தான் சங்கு ஊதும்.

சிலுவையம்மாள் சாமியைப் பார்க்காமலே திரும்பினாள். நடக்க நடக்க இன்னொன்றும் ஞாபகம் வந்தது. போன வாரம் இரண்டு நாள் முப்பிடாதி காய்ச்சலில் படுத்திருந்தார். அந்த வீட்டுத் தூக்கு வரவில்லை. அந்த இரண்டு நாளும் சாமி மௌன விரதம். துருத்தி பட்டுத்துணிக்குள் தூங்கியது. சங்கு தன் பாட்டுக்கு ஊதியது.

செல்வநாதனிடம் எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னாள். அவன் பொறுமையாகக் கேட்டான்.

"மீன் துன்னா இன்னா? அது காத்துலயே வளந்த மீனா இருக்கும்," என்றான்.

காய்ச்சல்? முப்பிடாதியின் காய்ச்சலைச் சாமி கருணையோடு பாதி வாங்கிக்கொண்டிருப்பார். அதனால் வாசிக்க முடியவில்லை. தூக்கு? சாமி தூக்கைத் தொட்டு ஆசீர்வாதம் செய்திருப்பார். ஒரு கேள்விக்கு இரண்டு பதில் வைத்திருந்தான். வேலை தேடுவதில் இந்தச் சாமர்த்தியத்தில் கால்வாசி காட்டியிருந்தால் எப்போதோ ஹார்பர் மேஸ்திரி ஆகியிருப்பான். இவனிடம் வாயால் பேசிப் பயனில்லை, கண்ணால் பார்க்க வைக்க வேண்டும் என்று அவளுக்குப் புரிந்தது. இருப்பது மூன்றே நாள்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் பேசின் பிரிட்ஜுக்குப் போனாள். தம்பி வால்டர் அங்கே ரயில்வே யார்டில் பிட்டர். யார்டில் ஸ்பேனர், ராயபுரத்துக் கல்யாண வீடுகளில் வேறு ஓர் உருப்படி. வாத்தியத்தின் ஜாடையை அக்கா சொல்லச் சொல்ல வால்டருக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. அதன் பெயர் அக்கார்டியன், கப்பல்காரர்கள் விற்றுவிட்டுப் போனது மூர் மார்க்கெட்டில் எப்போதும் கிடைக்கும் என்றான்.

"நானுந்தான் அத்த ஆறு வருஷமா கக்கத்துல வெச்சிகினு கீறேன் அக்கா. என் வூட்ல மட்டும் ஏன் வாடகத் தேதி டாண்ணு வருது?"

நாளைக்கு இரவு ஷிப்டு. பகலில் சும்மாதான் இருக்கிறேன் என்றான். அக்காளும் தம்பியும் அரை மணி நேரம் தலையோடு தலை வைத்துப் பேசினார்கள்.

திரும்பும் வழியில் மஜீது பாய் டீக்கடையில் நின்றாள். பொட்டலின் ஓரத்தில், ஆலைச் சுவரில் முதுகைச் சாய்த்துக்கொண்டிருக்கிற கடை அது. நேர் மேலே பாய்லர் கொட்டகையின் பின் ஜன்னல். சாமி வந்ததிலிருந்து பாய்க்கு வியாபாரம் மும்மடங்கு. அதனால் அவள் பேச்சை எடுத்ததுமே, என் பிழைப்பில் மண்ணைப் போடாதே தங்கச்சி என்று கும்பிட்டார். பிறகு குரலைத் தாழ்த்தி, தன் மனதில் கிடந்ததையும் சொன்னார்.

"சாமி காலத்த நிறுத்துற நேரத்துலதான் தெனம் என் பால் பொங்கி ஊத்துது. நானும் யோசிச்சிகினே கீறேன். வெளிய சொன்னா ஒதப்பானுங்கன்னு சும்மா கீறேன்."

"நீ ஒண்ணும் சொல்ல வேணாம் பாய். நாளைக்கு நான் சொல்றப்ப ஒரே ஒரு பஜ்ஜி போடு. போதும்."

சனிக்கிழமை பொட்டல் கொள்ளவில்லை. திங்கட்கிழமை மகா அற்புதத்துக்கு இன்று ஒத்திகை. வழக்கமான ஐந்து நிமிஷத்துக்குப் பதில் பத்து நிமிஷம் கட்டப்போகிறார் என்று முதல் நாளே பரவியிருந்தது. ஹார்பர் போகிற நாற்பது பேரும் முன் வரிசை. செல்வநாதன் கழுத்தில் மாலை வேறு. வேலை கிடைத்தாகிவிட்ட களை முகத்தில்.

சாமி துருத்தியை மடியில் ஏற்றினார். இரண்டு இழுப்பு இழுத்துக் காலத்துக்குச் சோம்பல் முறித்துவிட்டார். அப்போது சிலுவையம்மாள் எழுந்து, முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு, ஒரு சந்தேகம் என்றாள். செல்வநாதன் தலையைக் குனிந்துகொண்டான்.

"காலம் நின்னா எல்லாமே நிக்குமா சாமி?"

சாமிக்கு இந்த மாதிரிக் கேள்வி பிடிக்கும். "அண்டசராசரமும் நிற்கும் தாயே. பறக்கிற காக்கை அந்தரத்தில் நிற்கும். கடலில் அலை எழுந்தபடியே நிற்கும். நாமும் நிற்கிறோம், நிற்பது நமக்கே தெரிவதில்லை."

"அப்ப பாய் கடைல ஒரு பஜ்ஜி போட்டா, அதுவும் வேவாம நிக்குமா?"

கூட்டம் சிரித்தது. அண்டசராசரத்தை நிறுத்துகிறவர் ஒரு வாழைக்காய் பஜ்ஜிக்குப் பின்வாங்க முடியுமா? நிற்கும் என்றார் சாமி. மாவு மாவாகவே இருக்கும் என்றும் கூடச் சேர்த்துக்கொண்டார். வாய் செய்கிற வினை.

சற்று நேரத்தில் சாமி கண்ணை மூடி, "ஒரு மணி வாசலில் வந்துவிட்டது. பூட்டுகிறேன்" என்று துருத்தியை முழங்கை நீளத்துக்கு இழுத்தார். சங்கு ஊதவில்லை. சிலுவையம்மாள் கையைக் காட்டினாள். மஜீது பாய் மாவில் தோய்த்த ஒரு துண்டை எண்ணெயில் நழுவவிட்டார்.

எண்ணெய் சளசளவென்று பேச ஆரம்பித்தது. பஜ்ஜி உப்பியது. புரண்டது. பொன்னிறமானது. காலம் நின்றுபோன உலகத்தில் அது ஒன்று மட்டும் சுறுசுறுப்பாக வேலை செய்துகொண்டிருந்தது. முன் வரிசையில் நாற்பது மூக்கும் மெதுவாகக் கடைப்பக்கம் திரும்பின. சாமியின் தலைக்கு மேலே ஒரு காக்கை, அந்தரத்தில் நிற்க வேண்டிய கடமையை மறந்து, பறந்து போய் ஆலைக் கூரையில் உட்கார்ந்தது.

எடுக்கலாமா என்று பாய் கரண்டியோடு கேட்டார்.

"வுடு பாய். இன்னும் டைமே ஆவல," என்றாள் சிலுவையம்மாள்.

பஜ்ஜி பழுப்பாயிற்று. கறுத்தது. புகைந்தது. பாய் அதை அரித்தெடுத்து ஒரு தட்டில் வைத்து முன் வரிசைக்கு அனுப்பினார். கையிலிருந்து கைக்கு அடுப்புக்கரி மாதிரி ஒரு பஜ்ஜி போனது. சிரிப்பும் கூடவே போனது.

சாமி வாசிப்பதை நிறுத்தாமலே விளக்கம் சொன்னார். அக்கினி காலத்துக்குக் கட்டுப்படாத தேவதை; அடுப்பு இந்தக் கணக்கில் வராது. அண்டசராசரத்தில் அடுப்பு சேராதா என்று பின்னாலிருந்து ஒருவன் கேட்டான். காக்கையும் சேராது போல என்றான் இன்னொருவன்.

செல்வநாதனுக்குப் பொறுக்கவில்லை. பெண்டாட்டி ஊர் நடுவில் சாமியைக் கேலி செய்கிறாள். அவன் ஹார்பர் வேலை கரிந்த பஜ்ஜியோடு போய்விடும் போலிருக்கிறது. மாலையோடு எழுந்தான்.

"பஜ்ஜி கெடக்கட்டும். சங்கு ஊதலியே, அதுக்கு இன்னா சொல்ற?"

கூட்டம் மறுபடியும் சாமி பக்கம் திரும்பியது. ஆமாம், சங்கு ஊதவில்லை. ஒரு மணி தாண்டி எவ்வளவோ நேரமாகியும் ஊதவில்லை. அதுதானே சாட்சி? தலைகள் ஆடின. தட்டில் இருந்த கரிக்கட்டை மறுபடியும் ஓர் அற்பப் பஜ்ஜி ஆகிவிட்டது. சாமியின் முகத்தில் ரத்தம் ஏறியது.

"நன்றாகக் கேட்டாய் மகனே. சங்கே சாட்சி," என்றார். துருத்தியை ஒரே அமுக்கில் மூடினார். வலது கையை உயர்த்தினார். "காலமே, போ."

சங்கு ஊதவில்லை.

ஊதவில்லை என்பது மட்டுமல்ல. சங்கீதமும் நிற்கவில்லை. சாமியின் துருத்தி மடியில் வாயை மூடிக்கொண்டு கிடக்கிறது. ஆனால் அதே குரல், அதே மூச்சு, டீக்கடைக்குப் பின்னாலிருந்து வந்துகொண்டிருக்கிறது. அதுவும் ஓர் உற்சாகமான கல்யாண டான்ஸ் மெட்டு.

"போ," என்றார் சாமி மறுபடியும்.

காலம் போகவில்லை. சாமியின் கை அந்தரத்தில் நின்றது. அண்டசராசரத்தில் அது ஒன்றுதான் அன்றைக்கு உண்மையாகவே நின்றது. நெற்றி விபூதி வியர்வையில் கோடு கோடாக இறங்கியது. "போயேன்," என்று மூன்றாவது தடவை கெஞ்சினார்.

"இன்னா சாமி, காலம் உன் பேச்ச கேக்கலியே," என்றாள் சிலுவையம்மாள். கடைப்பக்கம் திரும்பி, "வால்டரு, போதும்டா. நிறுத்து."

மெட்டு நின்றது. சங்கு அலறியது.

ஒருவரும் கன்னத்தில் போட்டுக்கொள்ளவில்லை. வால்டர் அக்கார்டியனைத் தோளில் மாட்டிக்கொண்டு கடைக்குப் பின்னாலிருந்து வந்தான். சாமியின் மடியில் இருந்ததற்கும் அதற்கும் அச்சு அசல் ஒரே முகம், குங்குமம்தான் இல்லை. முன் வரிசை இரண்டையும் மாறி மாறிப் பார்த்தது. பிறகு, யாரும் சொல்லாமலே, எல்லாத் தலைகளும் மேலே பாய்லர் ஜன்னலுக்குத் திரும்பின.

ஜன்னலில் முப்பிடாதியின் காது மட்டும் தெரிந்தது. அனலும் இரைச்சலும் உள்ளே. அவர் எட்டிப் பார்க்கும் வழக்கமில்லை. பாட்டு நின்றால் சங்கிலியை இழுப்பார், அவ்வளவுதான் வேலை. இன்றைக்கும் அப்படியே முடித்துவிட்டு, அலுப்போடு குரல் கொடுத்தார்.

"என்ன மாமா, பத்து நிமிசம்னு சொல்லிட்டு இவ்வளவு நேரம் இழுத்துட்டிய? கை கடுத்துப் போச்சு. ஆனா ரெண்டாவதா வாசிச்சது நல்லாருந்துச்சு, தெனம் அதையே வாசியும்."

பதில் வராததால் எட்டிப் பார்த்தார். கீழே முந்நூறு முகம் அண்ணாந்து நின்றது.

ஒரு நிமிஷத்தில் அவரைக் கீழே இறக்கிக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். சாமி அவருடைய அக்காள் புருஷனாம். நாடகக் கம்பெனியில் ஆர்மோனியம் வாசித்துக்கொண்டிருந்தவராம். கம்பெனி படுத்துவிட்டதும் இமயமலை போய்விட்டாராம், அதாவது மூர் மார்க்கெட் வரைக்கும். இதெல்லாம் சிரிப்பாகத்தான் இருந்தது. அடுத்த கேள்விக்கு வந்த பதிலில்தான் சிரிப்பு அடங்கியது. ஆலைச் சங்கை இரண்டு மாதமாகத் தாமதமாக ஊதினாயே, டைம்கீப்பர் கேட்கவில்லையா என்று கேட்டார்கள்.

"கேட்டாரு. கேட்டுட்டு, செய்யின்னாரு. மத்தியானம் அஞ்சு நிமிசம் விடு, சாயந்தரம் பதினஞ்சு நிமிசம் பிடின்னாரு. அந்திச் சங்கு அப்போலருந்து அஞ்சே முக்காலுக்குத்தான் ஊதுதேன்."

கூட்டம் விரல் விட்டுக் கணக்குப் போட்டது. அஞ்சரைக்கு விட வேண்டிய வேலை. தினம் பதினைந்து நிமிஷம், முந்நூறு ஆள், இரண்டு மாதம். இனாமாகக் கிடைத்த ஒரு பீடிக்காகக் கன்னத்தில் போட்டுக்கொண்டிருந்த நேரத்தில், மறுபக்கத்தில் மூன்று பீடி பறிபோயிருக்கிறது. சாமி காலத்தை நீட்டியது பொய்யில்லை. யாருக்காக நீட்டினார் என்பதைத்தான் அவர் சொல்லவில்லை.

"அதான்யா கும்மிடிப்பூண்டி பாசஞ்சரு போன அப்பால வூட்டுக்கு வந்துகினு இருந்த," என்றாள் சிலுவையம்மாள் புருஷனைப் பார்த்து. "முன்னாடில்லாம் நீ சோறு துன்ன அப்பாலதான் அது போவும்."

செல்வநாதன் கழுத்திலிருந்து மாலையைக் கழற்றினான். எங்கே வைப்பதென்று தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றான்.

சாமி துருத்தியைக்கூட எடுக்காமல் நழுவப் பார்த்தார். நான்கு பேர் பிடித்துவிட்டார்கள். கையை ஓங்கியவர்களைச் சிலுவையம்மாள் தடுத்தாள்.

"இவன அடிச்சி இன்னா ஆவப்போவுது? மீனத் துன்னுட்டு காத்தத் துன்றேன்னான், நாம நம்புனோம். சங்கு ஊதலன்னா மணி ஆவலன்னு நமக்கு யார் சொன்னது? அத்த நாமளேதான சொல்லிகினோம். போங்க, போய் டைம்கீப்பர கேளுங்க."

அன்று ஒரு மணிச் சங்கு ஊதியும் ஒருத்தனும் வேலைக்குப் போகவில்லை. முந்நூறு பேரும் டைம்கீப்பர் அறை வாசலில் போய் நின்றார்கள். அவர் முதலில் கடிகாரத்தைப் பார்த்தார், பிறகு ஜன்னலைப் பார்த்தார். ஜன்னலில் கம்பி இருந்தது. சாயங்காலம் அந்திச் சங்கு அஞ்சரைக்கு ஊதியது. வால்டர் கைக்கடிகாரத்தோடு பக்கத்திலேயே நின்று ஊத வைத்தான். போன பதினைந்து நிமிஷங்களுக்கெல்லாம் கூலி கேட்டு ஒரு மனு எழுதினார்கள். அது எந்த மேஜையில் இன்றுவரை உறங்குகிறது என்பது வேறு கதை; மேஜைகள் துருத்தி இல்லாமலே காலத்தை நிறுத்துகிறவை. சாமி அன்றைக்கே எண்ணூர் பஸ் ஏறியதாகக் கேள்வி.

திங்கட்கிழமை விடியுமுன் செல்வநாதன் கிளம்பிவிட்டான். சிலுவையம்மாள் எழுப்பவில்லை, அவனே எழுந்தான். ஐந்தரைக்கு ராயபுரத்தில், கேட்டுக்குப் பத்தடியில், முன்னாலிருந்தவன் முதுகை ஒட்டி நின்றான். கேட் திறந்ததும் உள்ளே போனான். எட்டு அடித்தது. கேட் மூடியது. உள்ளே நெஞ்சை அளந்தார்கள், மூட்டையைத் தூக்கச் சொன்னார்கள், பெயரைக் கேட்டார்கள். பகல் சாப்பாட்டு வேளையில் அவன் வெளியே வந்தபோது சட்டையில் பித்தளை வில்லை குத்தியிருந்தது. இனிமேல் விடியுமுன்னே எழுந்து அவனுக்கு ஒரு தூக்கு கட்டிக் கொடுத்தனுப்ப வேண்டும் என்று சிலுவையம்மாள் அலுத்துக்கொண்டாள். அலுப்பில் அழுகையும் கொஞ்சம் இருந்தது.

நாற்பதில் முப்பத்தொரு பேர்தான் அன்று கேட்டுக்குள் நின்றார்கள். மிச்சம் ஒன்பது பேர்? அவர்கள் ஏழரை மணிக்குப் பொட்டலில் போய் உட்கார்ந்திருந்தார்கள். பஜ்ஜி கரிந்தது, சங்கு சொன்ன பேச்சுக் கேட்காமல் போனது, சாமி பஸ் ஏறியது எல்லாமே பக்தர்களைச் சோதிக்கிற திருவிளையாடல் என்று அவர்களில் ஒருவர் கண்டுபிடித்துவிட்டார். எட்டு மணிச் சங்கு தலைக்கு மேலேயே ஊதியபோதும், அதுவும் சோதனைதான், சாமி எந்த நிமிஷமும் வருவார் என்று உட்கார்ந்தே இருந்தார்கள். ராயபுரத்தில் கேட் மூடியது அவர்களுக்குப் பத்து மணிக்குத்தான் தெரிந்தது.

இப்போது நெட்டுக்குப்பத்தில் புதிதாக ஒரு சாமி வந்திருக்கிறாராம். புல்லாங்குழல் ஊதி அலையை நிறுத்துகிறாராம். கொட்டகைக்கு வெளியே வண்டிகள் வரிசையாக நிற்கின்றன. போகிறவர்கள் தாராளமாகப் போகலாம். தலையையும் கூடவே உள்ளே எடுத்துக்கொண்டு போங்கள். அங்கே வெளியில் விடச் சொல்வது செருப்பை மட்டும்தான்.